சொற்களுக்கு ஜாதகம் எழுதிய தையற்காரர் மகன்

ஆங்கிலத்தில் ஒரு சொல்லுக்குப் பொருள் தெரியாவிட்டால் அகராதியைப் புரட்டுகிறோம். அந்தச் சொல்லை எப்படி உச்சரிப்பது என்று சந்தேகம் வந்தாலும் அகராதியைத்தான் கேட்கிறோம். அகராதி தீர்ப்புச் சொல்லிவிட்டால் அதற்கு மேல் அப்பீல் கிடையாது.

அந்த அகராதிக்கு இந்த விவரங்களை எல்லாம் சொன்னவர் யார்? வாயால் யாருமே பேசாத சொல், ஏதோ ஒரு பழைய புத்தகத்தில் மட்டும் ஒளிந்து கிடக்கும் சொல், பல நூறு ஆண்டுகளுக்கு முன்பே செத்துப்போன சொல் – இவற்றை எல்லாம் தேடிப் பிடித்துப் பொருள் எழுதி வைத்தவர் யார்?

ஆங்கில மொழிக்கு உள்ள அகராதிகளில் தலை சிறந்ததாகப் போற்றப்படுவது ஆக்ஸ்போர்டு ஆங்கில அகராதி. அதற்கு அஸ்திவாரம் போட்டு, ஏறத்தாழப் பாதிக் கட்டடத்தையும் எழுப்பியவர் சர் ஜேம்ஸ் மர்ரே. அவர் பெரிய சீமான் வீட்டுப் பிள்ளை அல்ல. கிராமத்துத் தையற்காரர் ஒருவரின் மகன். 14 வயதில் பள்ளிக்கூடத்தை விட்டவர்.

அந்த ஒரே நூலுக்காக அவர் 36 ஆண்டுகள் உழைத்தார். ஆனால், அது முடிந்ததைக் கண்ணால் பார்க்க அவருக்குக் கொடுத்து வைக்கவில்லை.

பசுக்களுக்கு லத்தீன்

ஸ்காட்லாந்தின் தென் எல்லையில் டென்ஹோம் என்று ஒரு சிற்றூர். அங்கே 1837-ம் ஆண்டு பிப்ரவரி 7-ந் தேதி ஜேம்ஸ் மர்ரே பிறந்தார். பக்கத்தில் உள்ள நகரத்தின் பெயரை எழுத்தைப் பார்த்து வாசித்தால் ஹாவிக் என்றுதான் வாசிக்க வேண்டும். ஊர்க்காரர்கள் வாயில் அது ஹாய்க். எழுத்து ஒன்று, ஒலி வேறு என்ற பாடத்தை அந்தச் சிறுவன் சொந்த மண்ணிலேயே கற்றுக் கொண்டான்.

சிறு வயதிலேயே அவனுக்கு மொழிப் பித்துப் பிடித்தது. எந்த மொழியில் எது கையில் கிடைத்தாலும் விடமாட்டான். மேய்ச்சலுக்குப் போன பசுக்களை லத்தீன் மொழியில் கூப்பிட்டுப் பழக்கப் பார்த்தான் என்று சொல்வார்கள். பசுக்கள் தேறியதாகத் தெரியவில்லை. பையன் தேறினான்.

14 வயதோடு படிப்பு நின்றது. மேலே படிக்க வைக்கப் பெற்றோருக்கு வசதி இல்லை. ஆனால் புத்தகத்தை அவன் கீழே வைக்கவில்லை. தானாகவே படித்தான். 17 வயதில் ஹாய்க் நகரில் உதவி ஆசிரியரானான். 20 வயதில் அதே ஊரில் ஒரு பள்ளிக்குத் தலைமை ஆசிரியராகவே உயர்ந்துவிட்டான்.

அந்த நாட்களில் எடின்பரோ நகரில் அலெக்சாண்டர் மெல்வில் பெல் என்பவர் பேச்சுக்கலை கற்பித்து வந்தார். ஒவ்வோர் ஒலியும் பிறக்கும்போது நாக்கும் உதடும் எப்படி நிற்கின்றன என்பதை எழுத்தில் காட்ட முயன்றவர் அவர். அவரிடம் மர்ரே பாடம் கேட்டார். அவருடைய மகனும் மர்ரேக்குச் சிநேகிதர் ஆனார். அந்த மகன்தான் பிற்காலத்தில் டெலிபோனால் உலகப் புகழ் பெற்ற அலெக்சாண்டர் கிரகாம் பெல்.

இரண்டு சாவுகள்

1862-ல் மர்ரேக்குத் திருமணம் நடந்தது. மனைவி பெயர் மாகி ஸ்காட். ஒரு பெண் குழந்தை பிறந்தது. பிறந்த சில மாதங்களில் குழந்தை இறந்தது. தாயையும் காசநோய் பற்றிக்கொண்டது. ஸ்காட்லாந்தின் குளிர் ஆகாது, தெற்கே போங்கள் என்று டாக்டர்கள் சொன்னார்கள்.

மர்ரே தலைமை ஆசிரியர் உத்தியோகத்தை விட்டார். மனைவியை அழைத்துக்கொண்டு லண்டனுக்கு வந்தார். கிடைத்த வேலை, பாங்கியில் குமாஸ்தா வேலை. இந்தியா, ஆஸ்திரேலியா, சீனா ஆகிய நாடுகளோடு வரவு செலவு வைத்திருந்த சார்ட்டர்ட் பாங்கி அது. ஊரில் நாலு பேர் வணங்கிய வாத்தியார், லண்டனில் கணக்குப் பேரேட்டின் முன் குனிந்து உட்கார்ந்தார்.

அப்படியும் மனைவியைக் காப்பாற்ற முடியவில்லை. 1865-ல் மாகி காலமானார்.

28 வயதில் மர்ரே தனிமரம் ஆனார். துக்கத்துக்கு மருந்து அவருக்குப் படிப்புத்தான். பாங்கிக்குப் போகும்போதும் வரும்போதும் மொழிகளைப் படித்தார். இந்துஸ்தானியையும் பழைய பாரசீகத்தையும் அப்படித்தான் கற்றார் என்பார்கள்.

1866-ல் லண்டன் பிரிட்டிஷ் மியூசியத்தில் ஒரு வேலைக்கு மனுப் போட்டார். தமக்குத் தெரிந்த மொழிகளை அதில் வரிசையாக எழுதினார். பிரெஞ்சு, இத்தாலியன், ஸ்பானிஷ், லத்தீன் ஆகியவற்றில் நல்ல பழக்கம். டச்சு, ஜெர்மன், டேனிஷ் ஓரளவு. ரஷ்ய மொழி, ஹீப்ரு, சிரியாக், அரபு ஆகியவற்றிலும் பரிச்சயம். சமஸ்கிருதம், பழைய பாரசீகம் ஆகியவை மொழி ஒப்பீட்டுக்குத் தேவையான அளவு என்று பட்டியல் நீண்டுகொண்டே போயிற்று. வேலை கிடைக்கவில்லை.

1867-ல் ஏடா ருத்வென் என்ற பெண்ணை மர்ரே மணந்தார். மாப்பிள்ளைத் தோழனாக நின்றவர் கிரகாம் பெல். ஏடா அம்மையார் கணவரின் உழைப்பில் பாதியைச் சுமந்தவர். 11 குழந்தைகளை வளர்த்து ஆளாக்கியவர்.

1870-ல் லண்டனுக்கு அருகில் உள்ள மில் ஹில் பள்ளியில் மர்ரே மீண்டும் ஆசிரியரானார். 1873-ல் தம் சொந்த வட்டாரப் பேச்சைப் பற்றி ஒரு நூல் வெளியிட்டார். நாட்டுப்புறத்தானின் கொச்சை என்று மற்றவர்கள் ஏளனம் செய்த பேச்சு அது. அந்தக் கொச்சைக்கும் பழம்பெரும் பரம்பரை உண்டு என்று மர்ரே ஆதாரத்தோடு காட்டினார். மொழி அறிஞர்கள் நிமிர்ந்து உட்கார்ந்தார்கள்.

சாக்கில் வந்த அகராதி

ஆங்கிலத்துக்கு அதற்கு முன்பும் அகராதிகள் இருந்தன. 1755-ல் டாக்டர் ஜான்சன் வெளியிட்ட அகராதி புகழ் பெற்றது. அதில் சுமார் 42,000 சொற்கள் இருந்தன. ஆனால் விடுபட்டவை ஏராளம். 1857-ல் லண்டன் மொழியியல் சங்கத்தார் இந்தக் குறையைப் பேசத் தொடங்கினார்கள். ஒவ்வொரு சொல்லும் எந்த ஆண்டில் முதலில் எழுத்தில் வந்தது, அதன் பொருள் எப்படி எப்படி மாறியது, எப்போது வழக்கொழிந்தது என்பதை எல்லாம் காட்டும் அகராதி வேண்டும் என்றார்கள். சுருக்கமாகச் சொன்னால், சொல்லுக்கு ஜாதகம் எழுத வேண்டும்.

முதல் ஆசிரியர் ஹெர்பர்ட் கோல்ரிட்ஜ். வேலை தொடங்கிய சில ஆண்டுகளில், 1861-ல், 30 வயதிலேயே இறந்தார். அடுத்தவர் பர்னிவால். உற்சாகம் உண்டு, ஒழுங்கு போதாது. புத்தகங்களைப் படித்துச் சொற்களைத் துண்டுக் காகிதங்களில் எழுதி அனுப்பிய தொண்டர்கள் மெல்ல மெல்ல விலகிப் போனார்கள். வேலை படுத்துவிட்டது.

1879 மார்ச் 1-ந் தேதி ஆக்ஸ்போர்டு பல்கலைக் கழக அச்சகம் ஒப்பந்தம் செய்துகொண்டது. ஆசிரியர், ஜேம்ஸ் மர்ரே. காலக்கெடு, 10 ஆண்டுகள். மர்ரேக்கு அப்போது 42 வயது.

பர்னிவாலிடம் இருந்து பழைய துண்டுக் காகிதங்கள் வந்து இறங்கின. ஏறத்தாழ இரண்டு டன் எடை! சாக்குச் சாக்காக வந்தன. ஒரு சாக்கில் செத்த எலி கிடந்தது. இன்னொன்றில் ஒரு சுண்டெலி குடும்பமே குடியிருந்தது. ஓர் எழுத்துக்கு உரிய காகிதங்களைத் தேடினால், அவை இத்தாலியில் பிளாரன்ஸ் நகரில் இருந்தன. வேறு சில, அயர்லாந்தில் ஒரு தொழுவத்தில் கிடந்தன. அதில் ஒரு பகுதியை அடுப்பு மூட்டப் பயன்படுத்தி இருந்தார்கள்.

மர்ரே தலையில் கை வைத்துக்கொண்டு உட்காரவில்லை. வீட்டுத் தோட்டத்தில் இரும்புத் தகட்டினால் ஒரு கொட்டகை போட்டார். உள்ளே சுவரெல்லாம் மரத் தட்டறைகள். எண்ணி 1,029 அறைகள். பழைய மடாலயங்களில் துறவிகள் ஏடு எழுதிய கூடத்தின் பெயரையே அந்தத் தகரக் கொட்டகைக்கு வைத்தார் – ஸ்கிரிப்டோரியம்.

ஆங்கிலம் படிக்கத் தெரிந்த எல்லோரும் உதவ வேண்டும் என்று ஒரு வேண்டுகோளை அச்சிட்டு வெளியிட்டார். பிரிட்டனில் இருந்தும் அமெரிக்காவில் இருந்தும் காகிதங்கள் வந்து குவிந்தன. ஒவ்வொரு துண்டிலும் இடது மேல் மூலையில் சொல். கீழே ஆண்டு, ஆசிரியர் பெயர், நூலின் பெயர், பக்கம். பிறகு அந்தச் சொல் வருகிற வாக்கியம். மர்ரேயின் குழந்தைகள் கைச்செலவுக் காசுக்காக உட்கார்ந்து, துண்டுகளை அகர வரிசையில் அடுக்கினார்கள்.

அபூர்வமும் சாதாரணமும்

அடுக்கிப் பார்த்தபோது மர்ரே ஒரு வேடிக்கையைக் கண்டார். தொண்டர்கள் அபூர்வமான சொற்களை எல்லாம் ஓடி ஓடிப் பொறுக்கி அனுப்பி இருந்தார்கள். எல்லோரும் பேசும் சாதாரணச் சொற்களைக் கண்டுகொள்ளவே இல்லை. 'அப்யூஷன்' என்று ஒரு பழஞ்சொல். வழக்கொழிந்து போனது. அதற்கு ஏறத்தாழ 50 துண்டுகள் இருந்தன. அதே குடும்பத்தில் பிறந்த சொல் 'அப்யூஸ்'. தவறாகப் பயன்படுத்துவது, திட்டுவது என்ற பொருளில் தினமும் எல்லோரும் பேசுவது. அதற்கு ஐந்து துண்டுகள்கூட இல்லை.

அபூர்வமான பூச்சியைக் கண்டால் பிடித்து டப்பாவில் போடுகிறவன், வீட்டு ஈயைப் பார்ப்பதில்லை அல்லவா? அந்தக் கதைதான். மர்ரே தொண்டர்களுக்கு மீண்டும் எழுதினார். சாதாரணச் சொற்களையும் தேடச் சொன்னார். அரிய சொல்லுக்கு எவ்வளவு மரியாதையோ, அதே மரியாதை அடுப்படிச் சொல்லுக்கும் உண்டு என்பது அவருடைய சட்டம்.

அதற்காக அபூர்வச் சொற்களை அவர் ஒதுக்கவும் இல்லை. செத்த சொல்லுக்கு முன்னால் ஒரு குறுவாள் அடையாளம் போட்டார். ஆங்கிலத்துக்கு வந்தும் இன்னும் விருந்தாளியாகவே இருக்கும் அன்னியச் சொல்லுக்கு இரண்டு கோடுகள் போட்டார். யாரோ ஒருவர் ஒரே ஒரு தேவைக்காக உண்டாக்கி, அத்தோடு போன சொல்லுக்கு 'நான்ஸ் வேர்ட்' என்று பெயர் வைத்தார். அந்தப் பெயரே இன்று ஆங்கிலத்தில் நிலைத்துவிட்டது.

ஒரு சொல்லின் துண்டுகளை மேஜைமேல் பரப்புவார். காலவரிசைப்படி வைப்பார். பொருள் எங்கே கிளை பிரிகிறது என்று பார்ப்பார். அதன் பிறகே எழுதத் தொடங்குவார். சந்தேகம் வந்தால் ஊகித்து எழுதமாட்டார். விஷயம் தெரிந்தவருக்குக் கடிதம் போடுவார். செடியின் பெயரா? கியூ தாவரத் தோட்டத்து டைரக்டருக்கு ஒரு கடிதம். படகின் பெயரா? நியூகாசில் துறைமுக வியாபாரிக்கு ஒரு கடிதம். வானசாஸ்திரமா? அந்தச் சங்கத்தின் காரியதரிசிக்கு ஒன்று. கவிஞர் டெனிசன், நாவலாசிரியை ஜார்ஜ் எலியட் போன்றவர்களைக்கூட விடவில்லை. உங்கள் நூலில் இந்தச் சொல்லை என்ன பொருளில் எழுதினீர்கள் என்று கேட்டு விடுவார்.

உச்சரிப்புத் தகராறு

பொருளைவிடப் பெரிய தலைவலி உச்சரிப்பு. ஆங்கிலத்தில் எழுத்தை நம்ப முடியாது. ஒரே எழுத்துக்கு ஐந்தாறு ஒலிகள். ஆகவே மர்ரே ஒலிக் குறிகளைக் கொண்டு தனி முறை ஒன்றை வகுத்தார். மெல்வில் பெல்லிடம் கற்ற பாடம் கை கொடுத்தது.

பழைய உச்சரிப்பு அகராதிக்காரர்கள் நீதிபதிகள் மாதிரி. இதுதான் சரி, மற்றது தப்பு என்று தீர்ப்புக் கூறுவார்கள். மர்ரே சாட்சி மாதிரி. உண்மையில் மக்கள் எப்படிப் பேசுகிறார்களோ அதைப் பதிவு செய்தார். இரண்டு விதம் வழங்கினால் இரண்டையும் போட்டார்.

யாரும் பேசாத சொல்லுக்கு என்ன செய்வது? அதற்கும் அவர் நேர்மையான வழி வைத்திருந்தார். அடியோடு வழக்கொழிந்த சொல்லுக்கு உச்சரிப்பே போடவில்லை. சொன்னவர்கள் இறந்து நூற்றாண்டுகள் ஆனபின் அதன் ஒலியை யார் கேட்டது? கேட்காததை எழுதுவது பொய் அல்லவா? பொருளை மட்டும் எழுதி நிறுத்திக்கொண்டார்.

புத்தகத்தில் மட்டும் வாழும் கடினமான சொற்கள்தான் இடைஞ்சல். காசநோய்க்குக் கிரேக்கத்தில் இருந்து வந்த ஒரு பெயர் உண்டு. எழுத்தில் பார்த்தாலே நாக்குச் சுளுக்கும். ஒருவர் அதை ஃப்தைசிஸ் என்பார். இன்னொருவர் தைசிஸ் என்பார். மற்றொருவர் டைசிஸ் என்பார். அகராதியில் இவை எல்லாமே இடம் பெற்றன. தம் முதல் மனைவியைக் கொண்டுபோன நோயின் பெயருக்கு, 40 ஆண்டுகளுக்குப் பிறகு, அந்தப் பகுதியின் ஆசிரியராக இருந்தவரும் மர்ரேதான். அந்தச் சொல்லுக்கும் மற்றச் சொற்களுக்கு உள்ள அதே நிதானம், அதே அளவுகோல்.

கட்டுமரம் ஏறிய தமிழ்

மர்ரே தொகுத்த எழுத்துக்களில் ஆங்கிலத்தின் மூன்றாவது எழுத்தும் ஒன்று. அந்தப் பகுதியில் தமிழர் பார்த்தால் முகம் மலரும். நம் மீனவரின் கட்டுமரம் அங்கே 'கட்டமரான்' ஆக மிதக்கிறது. கட்டு என்பதும் மரம் என்பதும் சேர்ந்த தமிழ்ச்சொல் என்று பிறப்பு விவரம் சொல்லப்பட்டிருக்கிறது. சுருட்டு, 'ஷெரூட்' ஆகப் புகைகிறது. கறி, 'கர்ரி' ஆக மணக்கிறது. கஞ்சியும் இருக்கிறது. அபூர்வச் சொல், அன்னியச் சொல் என்று தள்ளாமல் எல்லாவற்றுக்கும் தாய்வீட்டைத் தேடிக் குறித்திருக்கிறார்கள்.

பார்க்காத நண்பர்கள்

மர்ரேக்கு உதவியவர்களில் இருவருடைய கதை நாவலைவிட விசித்திரமானது.

ஒருவர் பிட்செட்வர்ட் ஹால். அமெரிக்கர். ஓடிப்போன தம்பியைத் தேடி 1846-ல் கல்கத்தாவுக்குக் கப்பல் ஏறினார். கங்கை முகத்துவாரத்தில் கப்பல் உடைந்தது. உயிர் தப்பினார். இந்தியாவிலேயே தங்கிச் சமஸ்கிருதம் படித்து, காசியில் பேராசிரியரும் ஆனார். பிறகு இங்கிலாந்து சென்றவர், மற்ற அறிஞர்களோடு மனத்தாங்கல் ஏற்பட்டு ஒரு கிராமத்தில் ஒதுங்கிவிட்டார். அங்கிருந்தபடி நாள்தோறும் நான்கு மணி நேரம் அகராதிக்காக உழைத்தார். அச்சுப் படிகளைத் திருத்தினார். ஏறத்தாழ 20 ஆண்டுகள் இப்படி நடந்தது. சம்பளம் இல்லை. மர்ரேயும் அவரும் ஒரு தடவைகூட நேரில் சந்திக்கவில்லை. 1901-ல் ஹால் இறந்தார்.

மற்றவர் டாக்டர் மைனர். அவரும் அமெரிக்கர், ராணுவ டாக்டராக இருந்தவர். அவருக்குச் சித்தப் பிரமை. 1872-ல் லண்டனில், தம்மைக் கொல்ல வருகிறான் என்று எண்ணி, வேலைக்குப் போய்க்கொண்டிருந்த ஓர் ஏழைத் தொழிலாளியைச் சுட்டுக் கொன்றுவிட்டார். பிராட்மூர் என்ற இடத்தில் இருந்த குற்றவாளிகளுக்கான மனநோய் விடுதியில் அடைக்கப்பட்டார். அங்கே அறை நிறையப் பழைய புத்தகங்கள் வைத்திருந்தார். அரிய சொற்களைத் தேடித் தேடி ஆயிரக் கணக்கில் எழுதி அனுப்பினார்.

அவர் ஒரு கைதி என்பது தெரியாமலே மர்ரே பார்க்கப் போனார், போன இடத்தில்தான் திடுக்கிட்டார் என்று ஒரு கதை வெகு காலம் உலாவியது. அது கட்டுக்கதை. விஷயம் முன்பே மர்ரேக்குத் தெரியும். தெரிந்தேதான் 1891-ல் போய்ச் சந்தித்தார். அதன் பிறகும் பல தடவை சென்றார். கைதியிடம் நண்பராகப் பழகினார். 1910-ல் மைனரை அமெரிக்காவுக்கு அனுப்ப அனுமதி கிடைத்தது. அந்த உத்தரவில் கையெழுத்திட்ட உள்துறை மந்திரி, வின்ஸ்டன் சர்ச்சில்.

அவசரப்படுத்தியவர்கள்

முதல் பகுதி 1884-ல் வெளிவந்தது. 352 பக்கம். விலை 12 ஷில்லிங் 6 பென்ஸ். ஒப்பந்தம் செய்து ஐந்து ஆண்டுகள் ஆகி இருந்தன. முதல் எழுத்தே முடியவில்லை!

அச்சகத்தாருக்கு முகம் சுளித்தது. ஆண்டுக்கு 704 பக்கம் வேண்டும் என்றார்கள். விளக்கங்களைக் குறை என்றார்கள். செலவு ஏறிக்கொண்டே போனது. பேசிய தொகையில் இருந்தே உதவியாளர்களுக்கும் சம்பளம் கொடுக்க வேண்டி இருந்ததால் மர்ரேக்குப் பண நெருக்கடி. பெரிய குடும்பம் வேறு. ராஜிநாமா செய்துவிடலாம் என்ற நினைப்பு வரும் அளவுக்கு மனம் நொந்தார். ஆனாலும் ஒரு விஷயத்தில் அவர் இறங்கி வரவில்லை. நிச்சயம் இல்லாததை எழுதி வேகமாக முடிப்பதைவிட, நிச்சயமானதை எழுதித் தாமதமாவது மேல் என்று நின்றார்.

1885-ல் பள்ளி வேலையை விட்டுவிட்டு ஆக்ஸ்போர்டில் குடியேறினார். அங்கேயும் தோட்டத்தில் தகரக் கொட்டகை. பார்வையை மறைக்கிறது என்று அடுத்த வீட்டுப் பேராசிரியர் ஆட்சேபித்தார். ஆகவே தரையைத் தோண்டிப் பள்ளத்தில் அமைக்க வேண்டியதாயிற்று. குளிர் காலத்தில் உள்ளே ஈரம் கசியும். தடித்த கோட்டைப் போட்டுக்கொண்டு, காற்றுப் படாமல் கால்களை ஒரு பெட்டிக்குள் வைத்துக்கொண்டு மர்ரே எழுதுவார். வாரத்துக்கு 80, 90 மணி நேரம் வேலை. அவருக்கு வரும் தபாலும் அவர் போடும் தபாலும் ஏராளம். அதனால் தபால் இலாகா அவர் வீட்டு வாசலிலேயே ஒரு தபால் பெட்டி வைத்தது. மர்ரே, ஆக்ஸ்போர்டு என்று மட்டும் எழுதினாலே கடிதம் போய்ச் சேர்ந்துவிடும்.

தவறாத மனிதர் உண்டா? அடிமைப் பெண் என்று பொருள்படும் 'பாண்ட்மெய்ட்' என்ற சொல்லின் துண்டுகள் எங்கோ தவறிப் போயின. அந்தப் பகுதி 1887-ல் அச்சாகி வெளிவந்துவிட்டது. சொல் விட்டுப்போனது பல ஆண்டுகள் கழித்தே தெரிந்தது. மர்ரே வருந்தினார். 1933-ல் வந்த அனுபந்தத்தில்தான் அந்த அடிமைப் பெண்ணுக்கு இடம் கிடைத்தது.

'அப்பெண்டிசைட்டிஸ்' என்பது மற்றொன்று. வாயில் நுழையாத மருத்துவச் சொல், நிலைக்காது என்று ஒரு மருத்துவப் பேராசிரியர் யோசனை சொல்ல, அதை விட்டுவிட்டார்கள். 1902-ல் ஏழாவது எட்வர்டு மன்னருக்கே அந்த வியாதி வந்து, முடிசூட்டு விழாவே தள்ளிப் போடப்பட்டது. ஊரெல்லாம் அந்தச் சொல்தான் பேச்சு. அகராதியில் மட்டும் இல்லை!

கடைசி எழுத்துக்கு முன்னால்

காலப்போக்கில் வேலையைப் பங்கிட வேறு ஆசிரியர்கள் வந்தார்கள். ஹென்றி பிராட்லி, வில்லியம் கிரெய்கி, சார்லஸ் ஆனியன்ஸ் ஆகியோர் தனித்தனிப் பகுதிகளை ஏற்றார்கள். 1908-ல் மர்ரேக்குச் சர் பட்டம் கிடைத்தது. ஆக்ஸ்போர்டு பல்கலைக் கழகம் அவருக்குக் கௌரவ டாக்டர் பட்டம் கொடுத்தது 1914-ல். அந்த ஊரில் அவர் குடியேறி அப்போது 29 ஆண்டுகள் ஆகி இருந்தன.

80 வயதுக்குள் அகராதியை முடித்துவிட வேண்டும் என்பது அவர் ஆசை. நோய் முந்திக்கொண்டது. உடல் தளர்ந்தும் கொட்டகைக்குப் போவதை நிறுத்தவில்லை. 1915 ஜூலை மாதத்தில்கூட உதவியாளர்களோடும் மகள்களோடும் அங்கே உட்கார்ந்து படம் எடுத்துக்கொண்டார். அப்போது அவர் கையில் இருந்தது, ஆங்கிலத்தின் 20-வது எழுத்து. அந்த ஜூலை 26-ந் தேதி காலமானார். வயது 78.

அகராதி முடிந்தது 1928-ல். 10 ஆண்டு வேலை என்று ஒப்பந்தம் போட்டது, 49 ஆண்டுகள் ஆகிவிட்டது. 10 பெரிய தொகுதிகள், 15,490 பக்கங்கள், 4,14,825 சொற்கள், 18,27,306 மேற்கோள்கள். இவற்றில் 7,000 பக்கங்களுக்கு மேல் மர்ரேயின் பொறுப்பில் உருவானவை.

1989-ல் இரண்டாம் பதிப்பு 20 தொகுதிகளாக வந்தது. 2000-ம் ஆண்டு முதல் இணையத்திலும் கிடைக்கிறது. அவர் வகுத்த உச்சரிப்புக் குறிகள் போய்ச் சர்வதேசக் குறிகள் வந்துவிட்டன. புதிய சொற்கள் சேர்கின்றன. பழைய ஜாதகங்களில் பிறந்த தேதி திருத்தப்படுகிறது. ஆனால் சொல்லைத் தேடி, ஆதாரத்தைக் காலவரிசையில் அடுக்கி, அதன் பிறகே பொருள் எழுதும் முறை மட்டும் மாறவில்லை.

கல்லூரிப் பேராசிரியர்கள் நிறைந்த ஊரில், தகரக் கொட்டகைக்குள் அமர்ந்து, தையற்காரர் மகன் கற்றுக் கொடுத்த முறை அது. அரிய சொல் என்று தலையில் வைத்துக்கொள்வதும் இல்லை. எளிய சொல் என்று தள்ளுவதும் இல்லை. தெரிந்ததை எழுது, கேட்காத ஒலியை எழுதாதே. வாழ்நாள் முழுவதும் மர்ரே காத்த விரதம் இவ்வளவுதான்.